மோட்டார் சுவிட்சில் தொங்கிய ஐடி

வடக்குப்பட்டில் ஒரு மாடி வீட்டை ஒன்பது பெண்கள் சேர்ந்து வாடகைக்கு எடுத்திருந்தோம். எல்லோருக்கும் ஒரகடத்துக் கம்பெனிகளில் ஷிப்டு வேலை. ஹாஸ்டலுக்குக் கொடுத்ததில் பாதிகூட இங்கே ஆகவில்லை. வாய்க்கு ருசியாகச் சமைத்தும் சாப்பிட்டோம். அப்படிப்பட்ட வீட்டைத் தண்ணீரால் இழக்கப் பார்த்தோம்.

கீழ்வீட்டில் ஓனரம்மா. இரண்டு வீட்டுக்கும் ஒரே தொட்டி, படிக்கட்டின் அடியில் ஒரே மோட்டார் சுவிட்ச். காலை ஷிப்டுக்குக் கிளம்புகிறவள் மோட்டாரைப் போட்டுவிட்டு மறந்து போய்விடுவாள். இரவு ஷிப்டு முடிந்து வந்தவள், யாராவது நிறுத்துவார்கள் என்று போர்த்திக்கொண்டு படுத்துவிடுவாள். தண்ணீர் தெருவரைக்கும் ஓடும். மூன்றாம் முறை ஓனரம்மா படியேறி வந்தார்.

"போர்ல தண்ணி வத்திக்கினு கீது, நீங்க இன்னாடான்னா ரோட்டைக் கழுவிக்கினு கீறீங்க. இன்னொரு தபா ஓடிச்சுன்னா வூட்டைக் காலி பண்ணிடுங்க."

அவர் போனதும் ஒருத்தியை ஒருத்தி கை காட்டினோம். அதிகம் கத்தியது நான்தான். எங்களில் தென்காசிப் பக்கத்துக்காரி ஒருத்தி மட்டும் வெங்காயம் உரித்தபடியே கேட்டாள்: "ஏட்டி, கழுத்துல ஐடி கார்டு இல்லாம கம்பெனிக்குள்ள விடுவானா?"

"விடமாட்டான்."

"அப்போ மோட்டாரப் போடுறவ ஐடிய சுவிட்சுல மாட்டணும். நிறுத்திட்டுத்தான் எடுக்கணும்."

"இது என்ன, எல்.கே.ஜி. கிளாஸா?" என்று நக்கலடித்தேன்.

அந்த வாரமே மாட்டிக்கொண்டதும் நான்தான். கம்பெனி பஸ்ஸில் கால் வைக்கும்போது கழுத்தைத் தடவினேன்; வெறுங்கழுத்து. தலைதெறிக்க ஓடிவந்து மோட்டாரை நிறுத்தினேன். மொட்டை மாடிக்கு ஏறிப் பார்த்தால், தொட்டி வழிய இன்னும் நாலு விரல்தான் பாக்கி. பஸ் போய்விட்டது. ஆனாலும் அவள் மூளையை நினைத்து எனக்கு அப்படியொரு பெருமை. கம்பெனியில் இப்படி யோசனை சொன்னால் பெயரைப் போர்டில் எழுதுவார்கள். சாயங்காலம் நான் நடந்ததைச் சொன்னபோது, "சோறு வடிச்சியாட்டி?" என்று மட்டும்தான் கேட்டாள்.

அதற்குப் பிறகு தெருவில் தண்ணீர் ஓடவே இல்லை. ஒரு கிருத்திகையன்று வேலைக்குக் கிளம்பி இறங்கினேன். மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. சுவிட்சில் ஐடி இல்லை, ஓனரம்மாவின் வீட்டுச் சாவி தொங்கியது. அவர் தலையில் பூவோடு, வல்லக்கோட்டை முருகன் கோயிலுக்குக் கிளம்பத் தயாராக வாசலில் நின்றிருந்தார்.

"இன்னா அப்படிப் பாக்கிற? எனுக்கும் மறதி கீதில்ல?"

எனக்குக் கண் கலங்கிவிட்டது. காலி பண்ணும் பேச்சை அவர் மறுபடி எடுக்கவில்லை.