கொழுக்கட்டை தின்னாத மூஞ்சூறு

பயணம் போய் எழுதுகிறவர்கள் காசியைப் பற்றியும் சீமையைப் பற்றியும் எழுதுகிறார்கள். நான் மலாய் நாட்டில், பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே ஸ்டோரில் சாமான் எடுத்துக் கொடுப்பவன். படிப்பு ஆறாம் வகுப்போடு சரி. நாலு பேர் முன்னால் வாய் திறக்கவும் கூச்சம். ஒரு மூஞ்சூறைப் பார்க்கப் போனதை எழுதத் துணிந்ததற்காகப் படிப்பவர்கள் என்னைப் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

பிள்ளையார் சதுர்த்தியன்று காலை ஏழு மணிக்கு ரயில் ஏறினேன். காஜாங்குக்கு மூன்றாம் வகுப்பு முப்பது காசு. சாலாக் செலாத்தான் ஸ்டேஷன் தாண்டியதும் ஈயச் சுரங்கத்து வெள்ளை மணல். அதற்கப்பால் ரப்பர் மரங்கள். என் தங்கை செல்லம் உலு லங்காட்டில் இருக்கிறாள். அவள் கணவர் வேலு அங்கே ரோட்டு வேலைக் கூலிகளை மேய்க்கிற மண்டோர். மலை ஓடையில் நீந்துகிற மூஞ்சூறு ஒன்று இருக்கிறது, மியூசியத்துத் துரைமாரே அதை உயிரோடு பார்த்ததில்லை, பிடிக்கக் கூண்டு வைத்திருக்கிறோம் என்று அவர் சொல்லி அனுப்பியிருந்தார்.

காஜாங்கிலிருந்து பஸ். எதற்குப் போகிறேன் என்று டிரைவர் கேட்டார். சொன்னேன்.

"ஏண்ணே, பிரிக்பீல்ட்ஸ் அரிசிக் கடையில இல்லாத மூஞ்சூறா?" என்றார். பஸ் முழுவதும் சிரித்தது. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

பத்து மணிக்குப் போய்ச் சேர்ந்தேன். அன்று விடியற்காலையில்தான் அகப்பட்டதாம். மீன் பிடிக்கிற பாக் மாட் என்ற மலாய்க்காரர் கொண்டுவந்து, தண்ணீரும் கல்லும் போட்ட மண்ணெண்ணெய்த் தகரத்தில் விட்டிருந்தார். உள்ளங்கை நீளம். கரிய உடம்பு, நீண்ட மூக்கு. காது இருக்கும் இடமே தெரியவில்லை. பாதங்களின் ஓரத்தில் சீப்புப்போல வெள்ளை மயிர். தண்ணீருக்குள் இறங்கியதும் உடம்பெல்லாம் காற்றுக் குமிழி ஒட்டி வெள்ளியாக மாறியது. நான் வாய் பிளந்து நின்றேன்.

செல்லம் அதற்குக் குங்குமம் வைக்கப் பார்த்து, முடியாமல் தகரத்துக்கு வைத்திருந்தாள். சாமியின் வாகனம் சதுர்த்தியன்று வீடு தேடி வந்திருக்கிறதே! பூசை முடிந்ததும் முதல் கொழுக்கட்டை அதற்குத்தான். அது முகர்ந்துவிட்டுத் திரும்பிக்கொண்டது. எள்ளுப் பூரணம், தேங்காய்ப் பூரணம், உப்புக் கொழுக்கட்டை, எதையும் தொடவில்லை. பன்னிரண்டு மணிக்குக் கல்மேல் சுருண்டு நடுங்கத் தொடங்கியது.

அதற்கு இறால் வேண்டும், இல்லாவிட்டால் சாயங்காலம் தாங்காது என்று பாக் மாட் மலாயில் சொன்னார். ஓடை இறால் அவர் கூடையிலேயே இருந்தது. ஆனால் பிள்ளையாரைக் கரைக்கும்வரை செல்லம் வீட்டு வாசலுக்குள் கவிச்சி வரக்கூடாது; பூசையில் வைத்த வாகனத்தைச் சாமியை விட்டு வெளியே எடுக்கவும் கூடாது. கரைப்பது மூன்றாம் நாள்.

"நாளைக்கு மியூசியத்துத் துரை வராரு. உயிரோட காட்டுறேன்னு வாக்குக் கொடுத்துட்டேன், செல்லம்," என்றார் வேலு.

"செத்ததக் காட்டப் போறீங்களா? சாமிக்கு முன்னால சாமி வாகனம் பட்டினியில சாகுறதா?" அவள் முந்தானையைச் செருகிக்கொண்டாள். "சாமிய இப்பவே தூக்குங்க. அண்ணே, நீ தகரத்த எடு."

அப்படித்தான் நாங்கள் ஊர்வலம் போனோம். முன்னால் களிமண் பிள்ளையாருடன் வேலு. அடுத்து தகரத்துடன் நான். பின்னால் கொழுக்கட்டைப் பானையுடன் செல்லம். பாக் மாட் இறால் கூடையோடு இருபதடி தள்ளி மரியாதையாக வந்தார். பிள்ளையார் ஓடையில் கரைந்ததும் செல்லம் அவரைப் பார்த்துத் தலையசைத்தாள். மூஞ்சூறு முதல் இறாலை என் முகத்துக்கு நேரே கடித்து நொறுக்கியது. ஐந்தாவது இறாலுக்கு எழுந்து நின்று எட்டிப் பறித்தது. செல்லம் கைகொட்டிச் சிரித்தாள். சின்னப் பெண்ணாக இருந்தபோது சிரித்த அதே சிரிப்பு.

வேலு தகரத்தருகே குந்தினார். "மச்சான், சாய்ச்சிடுங்க," என்றார். "மொதலாளி போயாச்சு, வண்டிய மட்டும் எதுக்குப் பிடிச்சு வச்சிக்கிட்டு?"

சாய்த்தேன். வெள்ளிக் கோடு ஒன்று பாறைக்கடியில் ஓடி மறைந்தது. திரும்பும்போது பாக் மாட் எள்ளுக் கொழுக்கட்டையை இன்னும் இரண்டு கேட்டு வாங்கிக்கொண்டார்.

மறுநாள் பத்து மணிக்குத் துரை வந்தார். காலித் தகரத்தைப் பார்த்தார். நடந்ததை வேலு சொன்னார். துரை நான்கு கொழுக்கட்டை சாப்பிட்டுவிட்டுப் போனார். நான் பிற்பகல் பஸ்ஸில் காஜாங் திரும்பினேன்.