பூவாளியைப் பூட்டிவைத்த மாதம்

சென்ற கோடையில் எங்கள் அடுக்ககத்து அறிவிப்புப் பலகையில், செடிகளுக்குக் குழாய்நீர் ஊற்றுதல் கூடாது என்றொரு தாள் ஒட்டப்பட்டது. அன்று மாலையே இரண்டாம் தளத்து இளந்தம்பதியர் என் கதவைத் தட்டினர். ஈரோட்டுப் பக்கத்திலிருந்து கணினி வேலைக்கு வந்தவர்கள். "ஆன்ட்டி, தண்ணியே கேக்காத செடி எதாச்சும் சொல்லுங்களேன். காலைல போனா இருட்டினப்புறம்தான் வர்றோம். வெச்சிட்டு மறந்துடணும், அந்த மாதிரி," என்றாள் அந்தப் பெண். நெடுநாள் பூட்டிக் கிடக்கும் வீடுகளின் முற்றத்தை எட்டிப் பாருங்கள், அங்கே உயிரோடு நிற்பவற்றைத் தேடிக் கொண்டுவந்து வையுங்கள் என்றேன். கணவன் மனைவியைப் பார்த்தான். வெயில் முதியோரை என்னவெல்லாம் செய்துவிடுகிறது என்று அவன் எண்ணியது முகத்திலேயே தெரிந்தது. அந்த வழிமுறை என் கற்பனையன்று. ஒன்பதாம் வயதில் என் அத்தையோடு அலைந்து கண்டது.

அந்நாளில் நாங்கள் கன்னட நாட்டுத் தலைநகரின் காக்ஸ் டவுன் பகுதியில், முகப்பில் ஓடு வேய்ந்த பழைய வீடொன்றில் குடியிருந்தோம். வீட்டின் தலைவர் என் தந்தையின் தமையனாரான பெரியப்பா. பெரியம்மா நான் பிறக்குமுன்பே மறைந்துவிட்டார். அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை. பெரியப்பா தமக்கென்று கொண்டிருந்தவை ஒரு வானொலிப்பெட்டியும் இருபத்திரண்டு ரோஜாத் தொட்டிகளுமே. உடன்பிறந்தோரில் கடைக்குட்டியான அத்தை வங்கியில் எழுத்தராகப் பணியாற்றினார். முப்பது வயதை நெருங்கிய அவரைப் பெரியப்பா அப்போதும் 'பாப்பா' என்றே அழைப்பார். ரோஜாக்களைக் கண்டு மகிழும் பொறுப்பு பெரியப்பாவுடையது. நீர் வார்க்கும் பொறுப்பு அத்தையுடையது. விடியுமுன் எழுந்து கிணற்றில் இறைத்து, பித்தளைப் பூவாளியைத் தூக்கிக்கொண்டு தொட்டி தொட்டியாகச் சுற்றி முடித்த பின்னரே அவர் அலுவலகத்திற்குப் புறப்படுவார்.

பெரியப்பா எதற்கும் கூடாது என்று சொன்னவரல்லர். அத்தை கல்லூரித் தோழியரோடு சுற்றுலாச் செல்ல விரும்பியபோது, "தாராளமா போயிட்டு வா பாப்பா. செடிக்கு யாரு தண்ணி ஊத்துறதுன்னு மட்டும் சொல்லிட்டுப் போ," என்றாராம். பின்னர் மைசூருக்கு மாற்றல் வந்தபோதும் அதே மலர்ச்சியோடு அதே வினாவை விடுத்தார். அவ்வினாவுக்கு எங்கள் வீட்டில் விடை இல்லை. தந்தை எட்டு மணிக்கு எழுபவர். அம்மாவுக்குச் சமையற்கட்டை விட்டு நகர நேரமிராது. நானோ பூவாளியைத் தூக்கினால் பூவாளியோடு சேர்ந்து விழும் உருவினள். ஆகவே அத்தை எங்கும் செல்லவில்லை.

மூன்றாம் முறை அத்தை எதையும் கேட்கவில்லை. பதவி உயர்வுத் தேர்வுக்கு ஓசையின்றி விண்ணப்பித்தார். தேறினால் வெளியூர்ப் பணி உறுதி. அதன்பின் ஞாயிறுதோறும் என்னை உலாவ அழைத்துச் செல்லத் தொடங்கினார்.

எங்கள் பகுதியில் அப்போது பூட்டிய வீடுகள் மிகுதி. உரிமையாளர்கள் ஆஸ்திரேலியாவுக்கும் இங்கிலாந்துக்கும் குடிபெயர்ந்துவிட, வாசற்கதவுகளில் துரு ஏறிக்கொண்டிருந்தது. அத்தை ஒவ்வொரு கதவின் முன்னும் நின்று குதிகாலை உயர்த்தி உள்ளே நோக்குவார். நான் கம்பியிடுக்கில் முகத்தைப் பதித்து, உள்ளே பசுமையாக எது நிற்கிறதோ அதை உரக்கச் சொல்வேன். அத்தை கைப்பையிலிருந்து குறிப்பேட்டை எடுத்து எழுதிக்கொள்வார். "ரெண்டு வருஷமா ஆளில்லாத வீடு இது. அப்படியும் அரளி பூத்திருக்குன்னா அதுக்கு நம்ம தயவே வேணாம்," என்பார்.

ஒரு முறை எதிர்வீட்டிலிருந்து கழுத்தில் சிலுவை தொங்கும் மூதாட்டி ஒருவர் கைத்தடியோடு வந்துவிட்டார்.

"யாரு நீவு? ஏனு பேக்கு?" என்று, யார், என்ன வேண்டும் எனக் கன்னடத்தில் தொடங்கியவர், நாங்கள் விழிப்பதைக் கண்டு தமிழுக்கு மாறினார். "பூட்டின வீட்டை என்னாம்மா எட்டி எட்டிப் பாக்குறே? பூட்டு கெட்டியா இருக்கான்னா?"

"இல்லீங்கம்மா, செடி பாக்குறோம்," என்றார் அத்தை.

விளக்கம் போதவில்லை என்று எனக்குப் பட்டது. "எங்க அத்தை எதெல்லாம் இன்னும் சாகலேன்னு எழுதிக்கறாங்க," என்றேன்.

மூதாட்டி சிலுவைக் குறி இட்டுக்கொண்டு, தம் வீட்டுக்குள் சென்று தாழிட்டார்.

அக்கோடையில் கிணறு வற்றியது. மாநகராட்சிக் குழாய் ஒருநாள் விட்டு ஒருநாள் ஒரு மணி நேரம் இருமிவிட்டு ஓய்ந்தது. ரோஜாக்கள் ஒவ்வொன்றாகக் கருகின. காலியான ஒவ்வொரு தொட்டியிலும் மறுநாளே ஒரு புதியவர் குடியேறியிருப்பார். சோற்றுக்கற்றாழை வந்தது. வாள்போல் நிமிர்ந்த மருள் வந்தது. மதிலோரம் அரளியும் காகிதப்பூவும் நித்தியகல்யாணியும் நடப்பட்டன. வாசற்கதவின் அருகில் என் உயரத்துக்கு ஒரு தூண்கள்ளி வந்து நின்றது. முதற் கற்றாழையைக் கண்ட அன்று பெரியப்பா செய்தித்தாளைத் தாழ்த்தினார்.

"இதுக்கு எத்தினி வேளை தண்ணி?"

"வேணாண்ணா. ஊத்துனாதான் ஆபத்து. வேர் அழுகிடும்."

"இது செடியா, சாமியாரா?" என்று கேட்டுவிட்டுச் செய்தித்தாளுக்குள் மறைந்தார்.

கோடை போய், மழையும் பனியும் போய், தை பிறந்தபோது இரண்டு ரோஜாக்களே எஞ்சின. அவற்றையும் அடுத்த தெருப் பாதிரியார் வீட்டுக்கு அனுப்பியாயிற்று. அந்த வாரமே அஞ்சலில் ஆணை வந்தது: ஹூப்ளிக் கிளையில் அதிகாரிப் பணி, மாசி முடிவதற்குள் ஒப்புதல் தெரிவிக்கவேண்டும்.

உணவு வேளையில் அத்தை அதனை அறிவித்தார். பெரியப்பா சாதத்தைப் பிசைந்தபடியே முகம் மலர்ந்தார். "ஆபீசரா? பேஷ்! தாராளமா போ பாப்பா. செடிக்கு யாரு..." என்றவர் அவ்விடத்தில் நின்றார். ஓராண்டாகத் தம் கண்ணெதிரே நிகழ்ந்தது என்னவென்பது அப்போதுதான் அவருக்கு விளங்கியிருக்கவேண்டும். பிசைந்த சாதத்தை இலையின் ஓரத்துக்கு ஒதுக்கினார்.

"தண்ணி வேணாம்னு நீ சொல்றே," என்றார் முடிவில். "நான் கண்ணால பாக்கணுமில்லே? ஒரு மாசம் யாரும் ஒரு சொட்டு ஊத்தக்கூடாது. தோட்டம் நின்னா நீ போ. செத்துதுன்னா, செடிய விட்டுட்டுப் போறது பாவம்."

அத்தை ஒப்புக்கொண்டார். மறுநாட் காலையில் பெரியப்பா பூவாளியைத் தம் அறை அலமாரிக்குள் வைத்துப் பூட்டி, சாவியை அரைஞாணில் முடிந்துகொண்டார்.

அம்மாதம் எங்கள் வீட்டில் அனைவரும் விரல்நுனியில் நடந்தோம். அத்தை வெல்லவேண்டும் என்று நான் தவங்கிடந்தேன். ஹூப்ளியிலிருந்து எனக்குப் பேடா வாங்கி அனுப்புவதாக அவர் வாக்களித்திருந்தார். ஆனால் நாள் செல்லச்செல்ல எனக்கு அச்சம் மிகுந்தது. நீரின்றி எந்த உயிரும் வாழாது என்று பள்ளிப் பாடத்தில் தெளிவாக அச்சிட்டிருந்தது. அத்தை வங்கியில் வல்லவரே ஆயினும் பாடநூலை மீறமுடியுமா? ஆகவே பள்ளியிலிருந்து திரும்பியதும் என் நீர்க்குடுவையில் எஞ்சியதை, சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, வாசற்கதவோரத் தூண்கள்ளிக்கு ஊற்றினேன். எஞ்சுவது போதாதென்று தோன்றியபின் பள்ளியில் நீர் அருந்துவதையே நிறுத்தினேன். அம்மாதம் முழுதும் நான் தாகத்தோடிருந்தேன். கள்ளி தாகமின்றி இருந்தது.

முப்பதாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. பெரியப்பா சலவைச் சட்டை அணிந்து, கைகளைப் பின்னே கட்டிக்கொண்டு தோட்டத்தில் இறங்கினார். நாங்கள் நால்வரும் பின்தொடர்ந்தோம். கற்றாழைகள் வேகவைத்த கத்தரிக்காய்போல் குழைந்து தொட்டியின் விளிம்பில் தொங்கின. மருள்வாள்கள் அடிவெளுத்துச் சாய்ந்திருந்தன. என் தூண்கள்ளி, குடித்துவிட்டு வந்தவன் கதவைப் பிடித்து நிற்பதுபோல் வாசற்கதவில் தோள் சாய்த்து நின்றது. அதன் அடியில் வெள்ளைவெளேரென்று நான்கு காளான்கள் குடை விரித்திருந்தன.

"தண்ணியில்லாம செத்துப்போச்சே பாப்பா," என்றார் பெரியப்பா, மிகுந்த வருத்தத்துடன்.

அத்தை குனிந்து தொட்டி மண்ணில் விரலைச் செருகினார். விரல் கணுவரை சேறாக வெளிவந்தது. அதை உயர்த்திப் பிடித்து எங்கள் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார்.

"இது தாகத்துல சாகலேண்ணா. முழுகிச் செத்துருக்கு. யாரு ஊத்துனது?"

நான் ஓவென்று அழுதுவிட்டேன். "நான்தான் அத்தை! என் பாட்டில் தண்ணி! நீங்க ஜெயிக்கணும்னுதான்!"

"கொழந்தைய ஒண்ணும் சொல்லாதே," என்று அம்மா முன்வந்தார். "அது ஊத்துனது ஒரு மடக்கு இருக்கும். நான்தான் அரிசி களைஞ்ச தண்ணிய... தெனமும் இல்ல. விரதத்தன்னிக்கு ஊத்தல."

அனைவரும் தந்தையைப் பார்த்தோம். "நான் ஊத்தலே," என்றார் அவர். "ஷேவ் பண்ண தண்ணிய எங்கியாவது கொட்டணுமில்லே? கொட்டுனேன்."

"அதான் கத்தாழை வாசனையா செத்துருக்கு," என்றார் அத்தை.

பெரியப்பா தொண்டையைச் செருமினார். "எப்படியோ, செத்தது செத்ததுதானே?"

இதற்குள் என் அழுகை நின்று, குற்றத்தில் பங்காளிகள் மிகுந்தால் தண்டனை குறையும் என்ற தெளிவு பிறந்திருந்தது. பெரியப்பாவின் சாளரத்தின் கீழே ஐந்து தொட்டிகள் இருந்தன. அங்கே எங்கள் மூவரில் எவரும் சென்றதில்லை. அவையே எல்லாவற்றினும் மோசமாக அழுகியிருந்தன. அவற்றின் மண்மீது, நுண்துளைகளினின்று நீர் விழுந்தாற்போல் பொட்டுப்பொட்டாகக் குழிகள்.

"பெரியப்பாவும் ஊத்துனாரு!" என்றேன். "அவரு அலமாரிக்குக் கீழ தெனமும் ஈரமா இருக்கும். முந்தாநாளு நான் வழுக்கிக்கூட விழுந்தேன்!"

பெரியப்பாவின் காதுகள் சிவந்தன. அத்தை அந்த ஐந்து தொட்டிகளையும் பார்த்தார். மண்ணின் பொட்டுகளைப் பார்த்தார். பிறகு அண்ணனின் முகத்தை, நான் அதுவரை கண்டிராத ஒரு பார்வையால், நெடுநேரம் பார்த்தார். பின்னர் திடீரென்று அவர் முகம் மலர்ந்தது.

"அண்ணா! நீங்களுமா?" என்றார். "வெளியில அத்தினி கறாரா பேசிட்டு, நான் போகணும்னு உள்ளுக்குள்ள இத்தினி ஆசையா? பூட்டுன பூவாளிய எடுத்து ஊத்துற அளவுக்கா?"

அம்மா முந்தானையால் கண்ணை ஒற்றிக்கொண்டார். "மாமாவுக்கு எதையும் வெளிய காட்டத் தெரியாது. தங்கச்சின்னா உசுரு."

"எங்கண்ணன் மனசு யாருக்கு வரும்?" என்றார் தந்தை, கன்னத்தில் காயாத நுரையோடு.

பெரியப்பா ஏதோ சொல்ல வாய் திறந்தார். எங்கள் நால்வரின் முகத்தையும் பார்த்தார். வாயை மூடிக்கொண்டார்.

"அதோ பாருங்கண்ணா," என்று அத்தை மதிலைச் சுட்டினார். அரளியும் காகிதப்பூவும் நித்தியகல்யாணியும், எவரும் நீரோடு சென்றிராத அவ்விடத்தில், வெயிலில் பூத்துக் குலுங்கின. "யாரும் கவனிக்காததெல்லாம் நல்லா இருக்கு."

பெரியப்பா மதிலைப் பார்த்தபடியே கேட்டார்: "ஹூப்ளிக்கு வண்டி எத்தினி மணிக்கு?"

இந்நிகழ்ச்சியை வீட்டுக்கு வருவோரிடமெல்லாம் அம்மா பல ஆண்டுகள் சொல்லிக்கொண்டிருந்தார். பூவாளியைத் தாமே பூட்டிவைத்துவிட்டு, தங்கைக்காகத் தாமே திருட்டுத்தனமாய் நீர் ஊற்றிய தமையனாரின் கதை அது. அந்த இடம் வரும்போது பெரியப்பா எழுந்து வானொலியின் ஒலியைக் கூட்டுவார். தன்னடக்கம் என்று விருந்தினர் வியப்பர்.

அத்தை ஒரு புதன்கிழமை மாலை வண்டியேறினார். மறுநாட் காலையில் நான் விழித்து வெளியே வந்தபோது, பெரியப்பா கிணற்றடியிலிருந்து பூவாளி நிறைய நீரோடு தோட்டத்துக்கு வந்துகொண்டிருந்தார். அதை அவர் நீரோடு தூக்கி நான் பார்த்தது அதுவே முதன்முறை. ஒரு பக்கமாகச் சாய்ந்து, ஒவ்வோர் அடிக்கும் கொஞ்சம் சிந்திக்கொண்டு நடந்தார். பிழைத்த செடிகளைக் காக்க நான் ஓடினேன்.

"ஊத்தாதீங்க பெரியப்பா! அதுக்குத் தண்ணி ஊத்துனா செத்துடும்!"

"தெரியும்," என்றார். "எனக்கு மொதல்லியே தெரியும்."

மதிலோரம் சிறிது நேரம் நின்றார். பின்னர் வாசற்கதவைத் திறந்துகொண்டு வெளியே சென்று, அத்தை பேருந்துக்கு நடந்துபோகும் வழியில், ரோஜாக்களுக்கு வார்ப்பதைப் போலவே பதமாக, பூவாளி தீரும்வரை மண்ணில் நீர் தெளித்தார்.

நான் அம்மாவிடம் ஓடி, அத்தை திரும்பி வருவதற்குள் தெருப்புழுதி அடங்கட்டும் என்று பெரியப்பா தண்ணீர் தெளிக்கிறார் என்றேன்.