ஆலா பறந்த இடம்

இதை எழுதலாமா வேண்டாமா என்று பல வருஷமாகத் தள்ளிப் போட்டேன். அம்மன் படத்துக்குக் கற்பூரம் காட்டிவிட்டு உட்காருவேன்; முதல் வரியிலேயே பேனாவை மூடிவிடுவேன். எட்டாவது படித்தவன் எழுதி என்ன ஆகப்போகிறது என்பது ஒரு காரணம். எழுதினால் என் தம்பி பெண்சாதி படிப்பாளே என்பதுதான் பெரிய காரணம். போன ஆடியில் அவளே வந்து, "எழுது மாமா. ஊர்ல ஆளுக்கு ஒண்ணு சொல்லிக்கினு கீறாங்க" என்றாள். தாயின்மேல் பாரத்தைப் போட்டு எழுதுகிறேன்.

எங்களுடையது பழவேற்காடு ஏரிக்கரையில் ஒரு குப்பம். நான் கும்மிடிப்பூண்டியில் இரும்பு உருக்கும் கம்பெனிக்குப் போய்விட்டேன். தம்பி ஏரியை விடவில்லை. ஏரியில் மீன் எங்கே கூடியிருக்கிறது என்பதை எங்களுக்கு ஆலாதான் சொல்லும். வெள்ளை உடம்பும் கறுத்த உச்சியுமாக இருக்கும் பறவை அது. ஒரே இடத்தில் கூட்டமாகச் சுற்றிச் சுற்றித் தலைகுப்புறத் தண்ணீரில் விழுந்தால், அங்கே வலை போடு என்று அர்த்தம்.

"உனுக்குக் கம்பெனி சங்கு ஊதுனாத்தாண்ணா பொழுது விடியும். எனுக்கு ஆலா கத்துனா போதும்" என்று தம்பி என்னைக் கிண்டல் செய்வான்.

ஒரு ஐப்பசியில் விடியற்காலை தனியாகப் போனவன் திரும்பவில்லை. வாடைக்காற்று அடித்துக்கொண்டிருந்தது. படகு மட்டும் முகத்துவாரத்தின் பக்கம் கவிழ்ந்து கிடந்தது. குப்பத்துப் படகெல்லாம் தேடியது. ஒன்றும் அகப்படவில்லை.

பிறகு ஒரு நாள் காலையில், கரைக்கு நேராகத் தூரத்தில், ஆலா வட்டமிட ஆரம்பித்தது. அத்தனை ஆலாவை நான் பார்த்ததில்லை. வேறு நாளாக இருந்தால் படகுகள் போட்டி போட்டுக்கொண்டு ஓடியிருக்கும். அன்றைக்கு யாரும் படகைத் தொடவில்லை. எல்லோரும் அதையே பார்த்தோம். பார்க்காதது மாதிரியும் இருந்தோம்.

என் சித்தப்பாதான் கடைசியில் வாயைத் திறந்தார். "போய்ப் பாத்துடலாம் நைனா."

தம்பி பெண்சாதி கரையில் நின்றிருந்தாள். "எத்தினி நாளு அங்க ஆலா பறந்துச்சு, பெரிய மாமா? அப்பல்லாம் மீனுன்னுதான ஓடுவீங்க. இன்னிக்கு மட்டும் இன்னா?" என்று சித்தப்பாவைக் கேட்டாள். சித்தப்பா படகைத் தண்ணீரில் தள்ளினார்.

இடம் பிசகாமல் இருக்க, தெற்கே தெரியும் பெரிய புகைபோக்கியையும் கோயில் வேம்பையும் குறி வைத்துக்கொண்டு போனோம். படகு கிட்டே போனதும் ஆலாக் கூட்டம் மேலே எழும்பி, கலைந்து போகாமல் எங்கள் தலைக்கு மேலேயே நின்றது. வலையை வீசி இழுத்தோம். கனமாக வந்தது. இழுக்கும்போது ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

வந்தது மீன்தான். அத்தனையும் கொழுத்த மடவை. மறுபடியும் வீசினோம். மறுபடியும் மடவை.

"மீனுக்குத்தான் பறந்துகினு இருக்குது" என்றார் சித்தப்பா. கொஞ்ச நேரம் கழித்து, தண்ணீரைப் பார்த்தபடியே, "மீனு எதுக்குக் கூடுச்சோ" என்றார். பிடித்ததையெல்லாம் ஏரியிலேயே கொட்டிவிட்டோம். ஒரே ஒரு மடவை வலைக்கண்ணில் மாட்டிக்கொண்டு கூடவே கரைக்கு வந்துவிட்டது.

"இன்னா இருந்துச்சு, மாமா?"

"மீனு."

"வேற?"

"வேற ஒண்ணும் இல்லம்மா."

அவள் அந்த மீனை வலையிலிருந்து எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனாள். வீட்டில் சொந்தக்காரப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவளுடைய தாலியைக் கழற்றுவதற்கு நாள் பார்க்க வந்தவர்கள் அவர்கள். அவர்கள் கண்முன்னே மீனை ஆய்ந்து, புளி கரைத்துக் குழம்பு வைத்தாள். என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்துச் சோறு போட்டு, குழம்பை ஊற்றினாள்.

"மீனுக்குத்தான் ஆலா பறந்துச்சுன்னா, துன்னு மாமா."

நான் தட்டைத் தள்ளினால், தம்பி அங்கேதான் கிடக்கிறான் என்று நானே சொன்னது மாதிரி. வந்தவர்கள் அன்றைக்கே நாள் குறித்துவிடுவார்கள்; அவள் கழுத்து வெறுங்கழுத்தாகிவிடும். 'தாயே' என்று மனசுக்குள் சொல்லி, பிசைந்து வாயில் வைத்தேன். முள்ளெடுத்து முள்ளெடுத்து முழுவதையும் தின்றேன். நான் கை கழுவுகிறவரை அவள் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். வந்த பெண்கள் ஒவ்வொருவராக எழுந்து போய்விட்டார்கள்.

குழம்பு ருசியாக இருந்தது. அதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு கதை தானாக வளர்ந்தது. தம்பியை ஆந்திரா பக்கம் உயிரோடு பார்த்ததாக ஒருத்தர் குரல் வாட்ஸ்அப்பில் சுற்றியது. ஆலா உருவத்தில் வந்து அம்மனே அழைத்துக்கொண்டாள் என்றார்கள் சிலர். கவரைப்பேட்டை டீக்கடையில் ஒருவன் நான் யாரென்று தெரியாமல் என்னிடமே சொன்னான்: "அண்ணங்காரன் தம்பியத் துன்ன ஊருப்பா அது." டீயைக் குடித்து முடித்துவிட்டுத்தான் எழுந்தேன்.

ஐப்பசி வந்தால் அதே இடத்தில் இப்போதும் ஆலா சுற்றுகிறது. எங்கள் குப்பத்துப் படகு எதுவும் அங்கே போவதில்லை. நான் கரையில் நின்று பார்ப்பேன். அது மீன்தானா என்று அம்மனிடம் கேட்பேன். அவள் இன்றுவரை சொல்லவில்லை. தம்பி பெண்சாதியும் பக்கத்தில் வந்து நிற்பாள். "மீனு நல்லா கீது போல" என்பாள். நான் ஆமாம் என்பேன்.

படிக்கிறவர்களைக் கும்பிட்டுக் கேட்டுக்கொள்கிறேன். இதை யாருக்குச் சொன்னாலும் இப்படியே சொல்லுங்கள். தம்பி அங்கே இருந்தான் என்று சேர்க்காதீர்கள். இல்லை என்றும் சேர்க்காதீர்கள். ஆலா பறந்தது. வலையில் மடவை வந்தது. நான் தின்றேன். அவள் நெற்றியில் இன்றைக்கும் குங்குமம் இருக்கிறது. நான் அறிந்தது இவ்வளவுதான்.