தாங்குவான்

பிளாரன்ஸில் வதைக்கூடத்துக் கயிற்றை முற்றத்தில் போட்டுக் கொளுத்திய அன்று, எல்லோருக்கும் முன்னால் நின்று கைதட்டியவன் வைத்தியன் அன்சல்மோ. அந்தக் கயிற்றால் பத்தொன்பது வருடம் வயிறு வளர்த்தவன். வெட்கம் என்கிற சரக்கு அவனிடம் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

அவன் வேலை இதுதான். விசாரணைக்கு வந்தவனின் கைகளைப் பின்னால் கட்டிக் கப்பியில் தூக்குவதற்கு முன், அன்சல்மோ வந்து நெஞ்சைத் தட்டுவான், தோளை அழுத்துவான், ஏட்டில் 'தாங்குவான்' என்று ஒரே ஒரு சொல் எழுதுவான். வைத்தியன் எழுதாமல் யாரையும் தூக்கக் கூடாது என்பது சட்டம். இறக்கியதும் கழன்ற தோளைப் பொருத்துவதும் அவன்தான். 'தாங்கமாட்டான்' என்று அவன் எழுதியது மொத்தம் இரண்டு தடவை. ஒருவன் அவனுக்கு மச்சினன். இன்னொருவன் அதற்குள் செத்திருந்தான்.

பிறகு நாட்டை ஆண்ட கோமகனின் புதுச் சட்டம் வந்தது. கயிறு கிடையாது, தூக்குமரம் கிடையாது. குற்றம் எவ்வளவோ தண்டனையும் அவ்வளவே, அதுவும் சங்கிலியோடு உழைப்பு. ஒரே வாரத்தில் அன்சல்மோ ஆளே மாறிவிட்டான். வடக்கே யாரோ பிரபு வதையைக் கண்டித்து எழுதிய சின்னப் புத்தகம் ஒன்றைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு திரிந்தான். "வலியில மனுஷன் சொல்றது உண்மையா ஐயா?" என்று மதுக்கடையில் கண்கலங்குவான். புத்தகத்தின் தாள்கள் அச்சகத்தில் மடித்தபடியே விளிம்பு ஒட்டிக் கிடந்தன. படிக்க வேண்டுமென்றால் கத்தியால் பிரித்தாக வேண்டும். கத்திக்கு அவனிடம் பஞ்சமில்லை.

புதிய உழைப்புச் சிறைக்கு ஒரு வைத்தியன் தேவைப்பட்டான். ஆனால் பழைய கூடத்து ஆட்கள் யாராக இருந்தாலும், தன் கைபட்ட ஒருவனை அழைத்து வந்து 'இவர் இரக்கமுள்ளவர்' என்று சொல்ல வைக்க வேண்டும் என்பது நிபந்தனை. அந்தச் சம்பளம் கிடைக்காவிட்டால் அன்சல்மோ மாட்டுக்குப் பல் பிடுங்கத்தான் போகவேண்டும்.

சந்தையில் மாட்டுக்குடல் அவித்து ரொட்டியில் வைத்து விற்கும் நென்சோவிடம் போனான். நென்சோ ஒரு காலத்தில் வண்டியோட்டி. தான் திருடாத ஒரு வெள்ளி மெழுகுவர்த்தித் தாங்கிக்காக மூன்று தடவை தூக்கப்பட்டு, மூன்றாவதில் 'நான்தான்' என்று ஒப்புக்கொண்டு, நாலு வருடம் உள்ளே கிடந்தவன். உண்மைத் திருடன் பிறகுதான் பிடிபட்டான். நென்சோவின் கைகள் இன்றும் நெஞ்சுக்கு மேல் எழும்பாது. கடையின் மேல்தட்டில் இருக்கும் ரொட்டியை வாடிக்கைக்காரர்களே எடுத்துக்கொள்வார்கள்.

"நென்சோ, எனக்காக ஒரு வார்த்தை சொல்லணும்பா. உனக்கு நான் என்ன கெடுதல் பண்ணினேன், கழன்றதை மாட்டிவிட்டேன், அவ்வளவுதானே?"

நென்சோ சட்டியைக் கிளறினான். "சொல்றேன் வைத்தியரே. நடந்ததை அப்படியே சொல்றேன்."

அன்சல்மோ மனம் குளிர்ந்துபோனான். நடந்தது என்னவென்று அவனுக்கு ஞாபகம் இருந்தால்தானே.

மறுநாள் சிறை அலுவலகத்தில் பட்டுக் காலுறை போட்ட அதிகாரி மேஜைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தார். மேஜையில் அதே சின்னப் புத்தகத்தின் இன்னொரு பிரதி. முதல் பத்துப் பக்கம் மட்டும் பிரிக்கப்பட்டிருந்தது.

"வைத்தியர் கெட்டிக்காரர் ஐயா," என்றான் நென்சோ. "மூணு தடவையும் தோளைப் பிரமாதமா மாட்டினார்."

"மூன்று தடவை எதற்கு?"

"மாட்டினாத்தானே மறுபடி தூக்க முடியும்? முதல் தடவை முடிஞ்சதும் அவர் காலைப் பிடிச்சுக் கெஞ்சினேன். 'தாங்கமாட்டான்'னு எழுதுங்க, அது போதும், செய்யாததைச் செஞ்சேன்னு ஒப்புக்காமத் தப்பிச்சுக்குவேன்னு அழுதேன். 'நல்ல எலும்புடா உனக்கு'ன்னு முதுகைத் தட்டிட்டு 'தாங்குவான்'னே எழுதினார். இவர் கையில இன்னொருத்தனைக் குடுக்காதீங்க ஐயா. அதுக்காகத்தான் வந்தேன்."

 அன்சல்மோவின் கண்ணுக்கு மாட்டுப் பற்கள் தெரிந்தன.

அதிகாரி நென்சோவை ஏற இறங்கப் பார்த்தார். "மூன்று முறை கழன்ற தோள். ஆனாலும் ஆள் உயிரோடு இருக்கிறான், கடை நடத்துகிறான்." பேனாவை மையில் தொட்டார். "அளவோடு தண்டிப்பதுதான் புதிய முறை. கைதி எவ்வளவு தாங்குவான் என்று தெரிந்தவர் எங்களுக்குத் தேவை. நாளையே வாருங்கள், வைத்தியரே."

வாசலில் அன்சல்மோ ஓடிவந்து நென்சோவைப் பிடித்தான். மனிதன் என்றால் தலைகுனிந்து போயிருப்பான். இவன் பல்லைக் காட்டினான். "எல்லாம் உன்னாலதான்பா. உனக்கு என்ன வேணும், கேளு."

"ஓங்கி ஒரு அறை விடணும். கை எழும்பாது. கொஞ்சம் குனியுங்க."

வேடிக்கை என்று நினைத்து அன்சல்மோ குனிந்தான். நென்சோ அவன் முகத்தில் காறித் துப்பிவிட்டுச் சந்தைப் பக்கம் நடந்தான்.

அன்சல்மோ கைக்குட்டையால் துடைத்துக்கொண்டே, ஜன்னலில் அதிகாரி நிற்கிறாரா என்று மட்டும் பார்த்துக்கொண்டான். இல்லை. மறுநாள் காலை புதிய சிறையில், சங்கிலிக்காகக் காத்திருந்த முதல் கைதியின் தோளை அழுத்திப் பார்த்தான். புத்தம்புது ஏட்டைத் திறந்தான். என்ன எழுதுவதென்று யோசிக்க வேண்டியிருக்கவில்லை.