ஹைப்போ போட்ட தண்ணீர்

ஒரு வாளித் தண்ணீருக்கு, போட்டோ கழுவுகிற ஹைப்போ உப்பு சுண்டுவிரல் நகம் அளவு போதும். போட்டுக் கையால் இரண்டு சுற்றுச் சுற்றினால் கற்கண்டு மாதிரி கரைந்துவிடும். பிளீச்சிங் பவுடர் வாசம் போன இடம் தெரியாது. அதற்குப் பிறகு தங்கமீனை விடலாம், சாகாது. என் வீட்டுக்காரரிடம் நான் கற்றுக்கொண்டது இது ஒன்றுதான். பன்னிரண்டு வருஷம் சேர்ந்து இருந்ததற்கு இதுவாவது மிஞ்சியதே என்று நினைத்துக்கொள்வேன்.

போடி கடைத்தெருவில் எங்கள் வீடு. முன்பாதி அவருடைய ஸ்டூடியோ, பின்பாதி குடித்தனம், கொல்லையில் நான்கு வீட்டுக்குப் பொதுவான கிணறு. மலைமேல் எஸ்டேட்டில் இருந்த துரை ஒருவர் ஜெர்மன் சண்டைக்குப் போகும்போது தன்னுடைய கண்ணாடித் தொட்டியையும் எட்டுத் தங்கமீன்களையும் இவரிடம் விட்டுவிட்டுப் போனார். வந்து வாங்கிக்கொள்கிறேன் என்று சொன்னவர் வரவே இல்லை. வந்து வாங்கிக்கொண்டு போயிருந்தால் அவருக்குக் கோயில் கட்டிக் கும்பிட்டிருப்பேன்.

படம் எடுக்க வருகிறவர்கள் உட்காரும் பெஞ்சுக்கு எதிரே தொட்டியை வைத்தார். ஏலக்காய் வியாபாரிகளும் புது மாப்பிள்ளைகளும் மீனைப் பார்த்து வாயைப் பிளப்பார்கள். அதைப் பார்த்து இவருக்கு நெஞ்சு நிமிரும். அரிசிமாவை உருட்டிப் போடுவதை மட்டும் தன் கையால் செய்வார். மீனோடு குழைந்து பேசுவார். என்னோடு பேசமாட்டார், ஏவுவார். எங்கள் மகளுக்கு அப்போது ஆறு வயது. அவளை அவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. வாரத்துக்கு ஒரு தடவை பத்துக் குடம் இறைத்துத் தொட்டித் தண்ணீரை மாற்றுவது என் வேலை. மீன் செத்தால் கொலைக்குற்றம் என் தலையில்.

மனிதர் செத்தால் அவருக்குக் கவலை கிடையாது. செத்தவர்களை நாற்காலியில் உட்காரவைத்துப் படம் எடுப்பதில் எங்கள் பக்கத்தில் அவர் பேர்போனவர். பிணத்தின் தலை சாயாமல் நாடியைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு அழுகிற பெண்டாட்டியிடம், "ஆட்டாதீக, படம் கலங்கிரும்" என்று அதட்டுவார். வீட்டுக்கு வந்து அதைச் சொல்லிச் சிரிப்பார்.

அந்தக் கோடையில் கிணறு அடிமட்டத்துக்குப் போய்க் கலங்கிவிட்டது. பக்கத்துத் தெருவில் வாந்திபேதி வந்து, இரண்டு நாளில் மூன்று பேரைக் கொண்டுபோயிற்று. சுகாதார இன்ஸ்பெக்டர் ஒருவர் விடிவதற்கு முன்பே வந்து கிணறு கிணறாகப் பிளீச்சிங் பவுடரைக் கரைத்துக் கொட்டிவிட்டுப் போனார். எனக்கு அது தெரியாது. அன்றைக்கு மீனுக்குத் தண்ணீர் மாற்றும் நாள். தண்ணீர் ஒரு மாதிரி நெடி அடித்தது. கோடைத் தண்ணீர்தானே என்று ஊற்றிவிட்டேன்.

மீன்கள் மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடின. செவுள் விரிந்தது. என்ன என்று புரிவதற்குள் மூன்று மீன் மல்லாந்துவிட்டன. மீதி ஐந்தையும் பழைய தண்ணீர் இருந்த வாளியில் அள்ளிப் போட்டேன்.

அவர் அடிக்கவில்லை. அடித்திருந்தால் அதோடு போயிருக்கும். செத்த மூன்றையும் எடுத்து என் முன்னால் வைத்து, "கொழம்பு வையி" என்றார். வைத்தேன். "நீயே தின்னு. கொன்னவதான் திங்கணும்" என்றார். எதிரே முக்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். மகள் கதவைப் பிடித்துக்கொண்டு பார்த்தாள். முள்ளும் மருந்து நெடியும் தவிர அதில் ஒன்றும் இல்லை. கடைசி வாய் உள்ளே போகிற வரைக்கும் அவர் எழுந்திருக்கவில்லை. நானும் அழவில்லை. அன்றைக்குத்தான் அவரை வெறுக்கிறேன் என்பதை எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

கெட்டிக்காரர். அதை இல்லை என்றால் என் நாக்கு அழுகிப்போகும். இருட்டறையில் படத்தைக் கழுவுகிற ஹைப்போத் தட்டில் கிணற்றுத் தண்ணீரை ஊற்றியபோது நெடி சட்டென்று அடங்கியதைக் கவனித்திருக்கிறார். ஒரு வாளித் தண்ணீரில் ஒரு துண்டு ஹைப்போவைப் போட்டு மோந்து பார்த்தார். ஒரு மீனை விட்டுப் பார்த்தார். அது சாவகாசமாக நீந்தியது. அதோடு சும்மா இருந்திருக்கலாம்.

மறுநாள் இன்ஸ்பெக்டர் கடைத்தெரு வழியாக வந்தபோது இவர் மறித்தார். வாசலில் இரண்டு கண்ணாடி ஜாடிகள். இரண்டிலும் கிணற்றுத் தண்ணீர், ஒன்றில் மட்டும் ஹைப்போ. தெருவே கூடிவிட்டது. இரண்டு மீன்களை எடுத்துவந்தார். அதில் ஒன்றுக்கு வால் கிழிந்திருக்கும். என் மகள் கண்ணாடியில் விரல் வைத்தால் விரல் பக்கம் வந்து நிற்பது அதுதான். ஹைப்போ இல்லாத ஜாடியில் அதைத்தான் போட்டார். அது துடித்து மல்லாருகிற வரைக்கும் ஒரு கையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றார்.

"இதத்தான் ஊருச் சனத்துக்குக் குடிக்கக் குடுக்கீகளா?" என்று கேட்டார். கூட்டம் சிரித்தது. இன்ஸ்பெக்டர் தஞ்சாவூர்ப் பக்கத்து மனிதர், மெல்லிய குரல். என்னமோ சொல்ல வாயெடுத்தார், யாரும் கேட்கவில்லை. மகள் என் சேலைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

கூட்டத்தில் நான்கைந்து பேர் ஹைப்போ கேட்டார்கள். "சண்டைக் காலத்துல எனக்கே எட்டல. ஒங்களுக்குக் குடுத்துட்டு நான் படத்த எதுல கழுவ?" என்று விரட்டிவிட்டார். அவருடைய கஞ்சத்தனத்தால்தான் எங்கள் தெரு பிழைத்தது. அவர்களுக்கு அது இன்றுவரை தெரியாது.

வாந்திபேதி ஓய்கிற வரைக்கும் தினமும் விடியலில் வந்து கிணற்றில் மருந்து ஊற்றுவது இன்ஸ்பெக்டரின் வேலை. அடுத்த நாள் விடியலில் கிணற்றடியில் அவரைப் பார்த்தேன். மருந்தைக் கரைத்து ஊற்றிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"ஸ்டூடியோக்காரர் வீட்டம்மாதானே? மீன் செவுள் வழியா மூச்சு விடுதும்மா. அதுக்கு இந்த மருந்து ஆகாது. நமக்கு ஆகும். ஊத்தின பிறகு அரைமணி நேரமாவது மருந்து தண்ணியோட நிக்கணும். கிருமி சாகட்டும். அப்புறம் வாசத்தை எடுத்தாக்கூட பெரிசா மோசமில்லை. ஊத்தின கையோட ஹைப்போவைப் போட்டா மருந்து செத்துப்போகும், கிருமி பொழைச்சுக்கும். அவர்கிட்ட எடுத்துச் சொல்லுங்க."

சொல்லத்தான் போனேன். சாமி சத்தியமாக அன்றைக்குச் சொல்லத்தான் போனேன். "இன்ஸ்பெக்டர் ஐயா சொன்னாக..." என்றுதான் ஆரம்பித்தேன். அவர் கையில் இருந்த பித்தளைச் செம்பு என் புருவத்தில் வந்து விழுந்தது.

"அவன்கிட்ட ஒனக்கென்னடி பேச்சு? தெருவே சிரிச்ச பெறகு ஒனக்கு மட்டும் அவன் வாத்தியாரா? நாளையிலருந்து நம்ம குடிதண்ணியிலயும் ஹைப்போவப் போடு. மீனு உசிரோட இருக்கிற தண்ணிதான் மனுசன் குடிக்கிற தண்ணி."

அரைமணி நேரம் என்ற சொல் என் வாய்க்குள்ளேயே நின்றுவிட்டது. கண்ணுக்குள் வடிந்த ரத்தத்தைத் துடைத்துக்கொண்டு "சரிங்க" என்றேன்.

மறுநாள் முதல் எங்கள் வீட்டில் இரண்டு பானை. கூடத்தில் அவருக்கு வைத்தது ஹைப்போ போட்ட பித்தளைப் பானை. அடுப்படியில் விறகுக்குப் பின்னால் ஒரு மண்பானை, அதில் நெடி மாறாத கிணற்றுத் தண்ணீர். நானும் மகளும் அதைத்தான் குடித்தோம். அவள் முதல் நாள் துப்பினாள். "அய்யா குடிக்கிறதக் குடு ஆத்தா, இது நாறுது" என்று அழுதாள். அவர் காதில் விழுந்தால் இரண்டு பேரும் தொலைந்தோம். தொடையில் ரத்தம் கட்டுகிற மாதிரி கிள்ளி, வாயைப் பொத்தி, தம்ளரைக் காலி செய்ய வைத்தேன். தினமும் கிள்ளினேன். அவள் பேரன் பேத்தி எடுத்தபிறகும் அந்தக் கிள்ளலைச் சொல்லிக் காட்டுகிறாள். உயிரோடு இருப்பதால்தானே சொல்லிக் காட்டுகிறாள்.

அவருடைய பானைக்கு நான் எந்தக் குறையும் வைக்கவில்லை. காலையில் எழுந்ததும் ஒரு செம்பு முழுக்கக் குடிப்பார். மோந்து பார்ப்பார், சிரிப்பார். "பாத்தியா, பன்னீர் கணக்கா இருக்கு" என்பார். மீனுக்கும் தினம் ஒரு வாளி மாற்றச் சொன்னார். அதையும் மாற்றினேன்.

ஏழாவது நாள் விடியலில் அவருக்கு வாந்திபேதி கண்டது. கொல்லைக்கும் கூடத்துக்குமாக நடந்தவர், வெயில் ஏறுவதற்குள் நடக்க முடியாமல் போனார். கண் உள்ளே போய்விட்டது. விரல் நுனியெல்லாம் சுருங்கிவிட்டது. பக்கத்து வீட்டார் வாசலோடு நின்று பார்த்துவிட்டுப் போனார்கள். அழுக்கை நான்தான் அள்ளிக் கொட்டினேன், துணியை நான்தான் மாற்றினேன். அதில் முகம் சுளிக்கவில்லை.

"தண்ணி" என்றார். மண்பானையிலிருந்து மோந்து கொடுத்தேன். நெடி மூக்கில் பட்டதும் தம்ளரைத் தள்ளிவிட்டார். அந்த நிலைமையிலும் தள்ளிவிட அவருக்குத் தெம்பு இருந்தது.

"மீன் தண்ணியக் குடுடி."

கொடுத்தேன். கேட்டபோதெல்லாம் கொடுத்தேன். வெயில் சாய்வதற்குள் முடிந்துவிட்டது. காலராப் பிணம் என்பதால் உடனே வண்டி வந்து எடுத்துப்போய்விட்டது. ஊர்ப் பிணத்தையெல்லாம் படம் எடுத்தவருக்கு ஒரு படம் இல்லை. நாற்காலியை ஆட்டாமல் நாடியைப் பிடித்துக்கொள்ள எனக்குத் தெரியும், அந்த வேலை எனக்கு வாய்க்கவில்லை.

மறுநாள் இன்ஸ்பெக்டர் வீட்டுக்கு மருந்து தெளிக்க வந்தார். கூடத்தில் இருந்த பித்தளைப் பானையைத் திறந்து மோந்து பார்த்தார். அடுப்படிக்குப் போனார். விறகுக்குப் பின்னால் இருந்த மண்பானையையும் மோந்து பார்த்தார்.

"அவர்கிட்டச் சொல்லச் சொன்னேனேம்மா."

"சொல்லப் போனேங்கய்யா" என்று புருவத்தைக் காட்டினேன். தையல் போடாத காயம், அப்போதும் ஆறவில்லை.

அவர் பித்தளைப் பானையைக் கவிழ்த்துக் கழுவச் சொன்னார். போகும்போது தொட்டி பக்கம் நின்று, மீன்களைப் பார்த்தார். நான்கும் நன்றாக இருந்தன.

அந்தத் தண்ணீரால்தான் போனார் என்று யாரும் அடித்துச் சொல்ல முடியாது. கடைத்தெருவில் மோரும் பானகமும் கண்ட இடத்தில் குடிக்கிறவர். ஆனாலும் எனக்குத் தெரிந்த ஒன்றை இதுவரை நான் யாரிடமும் சொல்லவில்லை. ஹைப்போ போடச் சொன்னது அவர். எப்போது போடுவது என்பது என் கையில் இருந்தது. குடத்தை இறக்கி வைத்து அரைமணி நேரம் பொறுத்துப் போட்டிருந்தால், கிருமியும் செத்திருக்கும், வாசமும் போயிருக்கும், அவருக்கும் வித்தியாசம் தெரிந்திருக்காது. அவரிடம் ஒரு வார்த்தை பேசாமலே அதைச் செய்திருக்கலாம். ஏழு நாளும் இது எனக்குத் தெரியும்.

மீனுக்கு வைத்த வாளியை ஒரு மணி நேரம் வெயிலில் வைத்துவிட்டுத்தான் ஹைப்போ போட்டேன். அவருடைய பானைக்கு, இன்ஸ்பெக்டர் கொல்லையைத் தாண்டுவதற்குள், குடத்திலிருந்து ஊற்றின கையோடு போட்டேன்.