வேலாப்போடி வழக்கில் நான் சொன்ன சாட்சி

போன செவ்வாய்க்கிழமை மட்டக்களப்பு நீதிமன்றத்தில் சாட்சிக் கூண்டில் ஏறினேன். வாரம் தவறாமல் இந்தப் பத்தியில் உங்களோடு வாயடிக்கிறவன்தான், பேச்சுக்குப் பஞ்சமில்லாதவன். ஆனாலும் என் பேரையே இரண்டு தரம் கேட்டுத்தான் எழுதினார்கள்.

வழக்கு இதுதான். ஆறு மாதத்துக்கு முன் கிரான் தெருவில் பஸ் மோதி வேலாப்போடி என்ற வயல்காரர் இறந்துபோனார். அவர் மனைவி பொன்னம்மாவுக்கு மூன்று பிள்ளைகள். பஸ் முதலாளியிடம் நஷ்டஈடு கேட்டு வழக்கு வைத்தார். முதலாளி என்ன சொன்னார்? பஸ் மெதுவாகத்தான் போனதாம், அந்த ஆள்தான் குறுக்கே பாய்ந்தாராம்.

அன்று டிரைவருக்குப் பக்கத்தில் இருந்தவன் நான்.

கிரானில் மைத்துனர் வீட்டில் இரண்டு நாள் சோம்பிக் கிடந்துவிட்டு, அந்த வாரத்துப் பத்தியைக் கடைசி நேரத்தில்தான் எழுதி முடித்திருந்தேன். நாலு மணிக்கு மட்டக்களப்புத் தபால் கந்தோரில் பையைக் கட்டிவிடுவார்கள்; பிந்தினால் பத்திரிகைக்குப் போகாது. பஸ் ஏறியதிலிருந்து எனக்கு ஒரே அந்தரமும் அவசரமும். முன்னால் ஒரு மாட்டு வண்டி. டிரைவர் அசனார் ஏறாவூர்க்காரர், நிதானமானவர். வண்டிக்குப் பின்னால் ஊர்ந்துகொண்டிருந்தார்.

"விலத்தி எடு தம்பி, தபால் போயிடும்" என்றேன். ஒரு தடவை அல்ல — மூன்று தடவை.

வண்டியை விலத்தி முந்தினார். மாட்டு வண்டிக்கு வழிவிட்டு மறுபக்க ஓரத்தில் ஒதுங்கி நின்ற வேலாப்போடியை நாங்கள் கண்டபோது, பிரேக் பிடிக்கத் தூரம் இருக்கவில்லை. வயல் வட்டைக்குத் தண்ணீர் பார்க்கப் போனவர். பொழுதுபடுமுன் ஆஸ்பத்திரியில் உயிர் போய்விட்டது.

அசனார் பொலிசில் என் பேச்சையே எடுக்கவில்லை. ஏன் என்று பிறகு கேட்டேன்.

"மிதிச்சது என்ட கால்தானே ஐயா" என்றார்.

பஸ்ஸில் இருந்தவன் என்று பொன்னம்மா தரப்பு என்னைச் சாட்சிக்கு அழைத்திருந்தது. வழக்கு நெருங்க நெருங்க எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. சோற்றில் கை வைப்பேன், எழும்பிவிடுவேன். வாவிக் கரைவரை நடப்பேன், எதற்கு வந்தேன் என்று தெரியாமல் திரும்புவேன். அந்த நேரம் பார்த்து முதலாளி ஒரு சட்டித் தயிரோடு வீட்டுக்கு வந்தார். அவர் பொய் சொல்லச் சொல்லவில்லை... அங்கேதான் சங்கடம்.

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க ஐயா. கேளாததை நீங்களா ஏன் சொல்லப்போறீங்க?"

நியாயமான பேச்சாகத்தானே இருந்தது? தயிரையும் சாப்பிட்டேன்.

கோர்ட்டில் முதலாளிக்கு வாதாடும் அப்புக்காத்து எழும்பினார். வேலாப்போடிக்கு ஐம்பது தாண்டிவிட்டதாம், சொந்தக் காணி இல்லையாம், வருஷத்தில் பாதி நாள் சும்மா இருக்கிறவராம். ஒரு மனிதனின் மிச்ச ஆயுள் எத்தனை அவணம் நெல் பெறும் என்று அவர் கணக்குச் சொல்லச் சொல்ல, பொன்னம்மா வாங்குப் பலகையில் தலைகுனிந்து இருந்தார்.

பிறகு என் முறை. பஸ் வேகமாகப் போனதா என்று பொன்னம்மாவின் அப்புக்காத்து கேட்டார். ஓம் என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். முடியவில்லை.

"கடுதாசி ஒண்டு தபாலுக்குப் பிந்துதெண்டு நான்தான் விலத்தச் சொன்னன். அந்த மனிசன் குறுக்க வரல்ல, ஓரத்திலதான் நிண்டவர்."

நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். முதலாளி பார்த்த பார்வையை நான் எழுதப்போவதில்லை. மத்தியானத்துக்குள் அவர் சமாதானத்துக்கு இறங்கிவந்தார். பொன்னம்மா கேட்டதில் முக்கால்வாசியைத் தவணை தவணையாகக் கொடுக்கச் சம்மதித்துக் கையெழுத்தும் வைத்தார்.

வெளியே பொன்னம்மா என்னை நோக்கி வந்தார். ஏசப்போகிறார் என்று நினைத்தேன். ஏசியிருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும்.

"அந்தக் கடுதாசி போய்ச் சேந்ததா ஐயா?"

சேரவில்லை என்றேன். அந்த வாரம் இந்தப் பத்தியின் இடத்தில் தலைவலித் தைல விளம்பரம் வந்ததையும், உங்களில் ஒருவர்கூட ஏன் என்று கேட்டு எழுதாததையும் அவரிடம் எப்படிச் சொல்வது? பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்.

முதலாளியின் பஸ் இப்போது என்னைக் கண்டால் நிற்பதில்லை. நடக்கிறேன். லைசென்ஸ் பறிபோன அசனார் ஏறாவூர்ச் சந்தையில் மூட்டை சுமக்கிறார். அவருக்கு நஷ்டஈடு கேட்க எந்தக் கோர்ட்டுக்குப் போவது? யாரிடம் கேட்பது — என்னிடமா?

ஒரு பத்தி பிந்திப் போய்ச் சேர்ந்ததற்காக எந்த நாட்டிலும் யாரையும் கூண்டில் ஏற்றுவதில்லை, பாருங்கள்; அதை அன்று பஸ்ஸில் நினைத்திருக்கலாம்.