கொட்டாங்கச்சி கட்டிய கம்பு

போன செவ்வாய்க்கிழமை உத்திரமேரூர் ரோட்டில் பஸ் பஞ்சர். டிரைவர் ஜாக்கியோடு மல்லுக்கட்ட, நாங்கள் எல்லாரும் இறங்கி ஒரு புளியமரத்தடியில் ஒதுங்கினோம். ரோட்டை அகலம் பண்ணப்போகிறார்களாம். மரத்துக்கு மரம் மஞ்சள் பெயிண்டில் ஒரு வளையம், அதன் மேல் ஒரு நம்பர். டேப்பும் போனுமாக ஒரு பையன் அடுத்த மரத்தில் மும்முரமாக இருந்தான். எனக்குச் சும்மா இருக்க முடியுமா? மரத்தை ஒட்டி நின்று தோளை வைத்துப் பார்த்தேன். வளையம் என் தோளுக்கு இரண்டு அங்குலம் மேலே இருந்தது.

"தம்பி, அளவு தப்பு. ஏத்திப் போட்டுட்டே" என்றேன்.

அவன் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! அதற்கு அப்புறம் வருகிறேன். முதலில் இந்தத் தோள் விவகாரத்தைச் சொல்லிவிட வேண்டும்.

பெயிண்ட் வாசனை மூக்கில் ஏறியதும் எனக்கு நினைவு வந்தது சுண்ணாம்பு வாசனை. நீர்த்த சுண்ணாம்பு, அதோடு ஈரமான கருவேலம்பட்டை, மிதிபட்ட ஏரிச் சேறு. இந்த மூன்றும் சேர்ந்த வாசனைதான் எனக்கு முதல் உத்தியோகத்தின் வாசனை. வருஷம் ஐம்பதுகளின் கடைசி. எனக்கு இருபது வயசு. காட்டு இலாகாவில் தற்காலிகமாக மரம் எண்ணுகிற வேலை. 'காடு' என்றதும் யானையைக் கற்பனை செய்துகொண்டு போனேன். உத்திரமேரூரிலிருந்து பெருநகர் போகிற வழியில் ஓர் ஏரியைக் காட்டி, "இதுதான் உன் காடு" என்றார்கள். ஏரிக்குள்ளே கருவேலமரங்கள் நின்றன. யானைக்குப் பதிலாக ஆடுகள்.

வேலை எளிது. ஒவ்வொரு மரத்தையும் தரையிலிருந்து நாலரை அடி உயரத்தில் சுற்றளவு எடுக்க வேண்டும். மூன்றடியும் அதற்கு மேலும் இருந்தால் வெட்டுக்கு. குறைந்தால் மரம் பிழைத்தது, இன்னும் சில வருஷம் நிற்கும். நாங்கள் மூன்று பேர். வாட்சர் ஏகாம்பரம் டேப் பிடிப்பார். நாலரை அடிக் கம்பை மரத்தடியில் நிறுத்தி, அது காட்டுகிற இடத்தில் சுண்ணாம்புப் பொட்டு வைப்பது ரோசம்மா. ஏரிக்கரைக்கு அந்தப் பக்கத்துத் தெரு, அறுவடை இல்லாத நாளில் எங்களிடம் கூலிக்கு வந்தவள். நான் நோட்டும் பென்சிலுமாக எட்ட நின்று எழுதுவேன். மூன்றடி இரண்டு அங்குலம் என்றால் ஏகாம்பரம் "மூணு ரெண்டு!" என்று கத்துவார்; உடனே நானும் "மூணு ரெண்டு!" என்று திருப்பிக் கத்த வேண்டும். காதில் தப்பாக விழுந்துவிடக் கூடாதே, அதற்காக.

"சர்ச்சுல பாதிரி ஐயரு ஒண்ணு சொன்னா நாங்க திருப்பிச் சொல்லுவோமே, அது மாதிரி கீது" என்று ரோசம்மா சிரிப்பாள். "இங்க ஆமேன் மட்டும்தான் இல்ல."

அளக்கிற பைத்தியம் எனக்கு ஒரே வாரத்தில் பிடித்துவிட்டது. வீட்டுத் தூண், அம்மாவின் உரல், எதிர்வீட்டு எருமை, ஒன்றையும் விடவில்லை. பஸ் நிறுத்தத்து ஓட்டலில் நாஷ்டா சாப்பிடும்போது கல்லாவில் இருந்த முதலாளியைக் கண்ணாலேயே அளந்து, "மூணு எட்டு" என்று முணுமுணுத்தேன். ஏகாம்பரம் இட்லியிலிருந்து தலையைத் தூக்காமல், "வெட்டுக்கு ரெடி" என்றார்.

இந்த உற்சாகத்தில்தான் அந்தப் புத்திசாலித்தனத்தைச் செய்தேன். கம்பைப் பிடிக்க ரோசம்மாவுக்கு ஒரு கை போய்விடுகிறது, சுண்ணாம்புச் சட்டியை இன்னொரு கையில் வைத்துக்கொண்டு தடுமாறுகிறாள். கம்பின் அடியைக் கூராகச் சீவிவிட்டால்? குத்தினால் தானாக நிற்குமே! சீவினேன். நின்றது. வேலை பறந்தது. எங்கள் மேலதிகாரி ரேஞ்சருக்கு, 'குறித்த நாளுக்கு முன்பே முடித்துவிடுவேன்' என்று கார்டு வேறு எழுதிப் போட்டேன். இந்த ஏரியைச் சரியாக முடித்துக் கொடுத்தால் வேலை நிலைக்கும் என்று அவர் சொல்லியிருந்தார்.

புரட்டாசிக் கடைசியில் இரண்டு நாள் நல்ல மழை. ஏரியின் தாழ்ந்த பக்கம் களிமண் பிசுபிசுத்தது. அங்கேயும் குத்தினோம், அளந்தோம், கத்தினோம். ரோசம்மா மட்டும் ஒரு மரத்தடியில் நின்றுவிட்டாள்.

"சின்ன சார், ஒரு சந்தேகம். மோட்டுப் பக்கம் அளக்கசொல்லோ பொட்டு என் தாவாகட்டைக்கு வந்துச்சு. இங்க மாருகிட்ட வருது. நான் வளந்துட்டனா?"

"சோறு ஜாஸ்தியா சாப்பிட்டிருப்பே" என்றேன். ஏகாம்பரம் சிரித்தார். நானும் சிரித்தேன். அடுத்த மரத்துக்குப் போய்விட்டோம்.

எல்லாம் முடிந்து, மையில் நகல் எழுதி, அட்டை போட்டாயிற்று. மூன்று நாளில் ரேஞ்சர் வந்து சரிபார்ப்பார். ஆபீசில் ஒப்படைக்க வேண்டிய கம்பையும் டேப்பையும் சைக்கிளில் கட்டிக்கொண்டு, கூலி நாள் குறித்துக் கொடுக்க நான் ஏரிக்கு வந்தபோது ரோசம்மா ஆடுகளோடு ஒரு மரத்தடியில் இருந்தாள். கருவேலங்காயை ஆடுகள் மொறுமொறுவென்று தின்றுகொண்டிருந்தன.

"இந்த மரம் இன்னா எழுதினீங்க?"

நோட்டைப் பார்த்தேன். "மூணு ஒண்ணு."

"அப்போ வெட்டிடுவாங்க. இது காய்லதான் என் ஆடுங்க கோடைய ஓட்டுது. இன்னொருக்கா அளங்களேன்."

"அளந்தாச்சு ரோசம்மா. கம்பு பொய் சொல்லாது."

"கம்பு பொய் சொல்லல. பொதையுது. என் பாதம் அகலங்காட்டி கம்மியா பொதையுது. நீங்க சீவனது ஊசி, அது ஜாஸ்தியா பொதையுது."

கம்பைக் குத்திப் பார்த்தேன். அரையடி சேற்றுக்குள். அதாவது நாலரை அடி என்று நினைத்து நாலடியில் அளந்திருக்கிறேன். கீழே போகப்போக மரம் பருமன். இளம் மரங்களையெல்லாம் என் புத்திசாலித்தனம் ஒரே எழுத்தில் கொழுக்க வைத்துவிட்டது.

அவள் தெருவுக்குப் போய் ஒரு கொட்டாங்கச்சியும் கயிறும் கொண்டுவந்தாள். கம்பின் கூர்முனையைக் கொட்டாங்கச்சிக் கண்ணுக்குள் நுழைத்து, கவிழ்த்த வாக்கில் இறுக்கிக் கட்டினாள். சேற்றின் மேல் வைத்தாள். கம்பு புதையாமல் செருப்புப் போட்ட பெரிய மனுஷன் மாதிரி நின்றது. பொட்டு அவள் தாவாகட்டைக்கு வந்தது. டேப்பைச் சுற்றினேன். இரண்டடி பதினோரு அங்குலம்.

உண்மையைச் சொல்கிறேன், முதலில் தோன்றியது அந்த ஒரு மரத்தை மட்டும் திருத்திவிடலாம் என்பதுதான். மையில் எழுதியாயிற்றே, கார்டு போட்டாயிற்றே, வேலை நிலைக்கப்போகிறதே! ஆடுகள் என்னைப் பார்த்தபடி மென்றன. ரோசம்மாவும் பார்த்தாள். "மத்த மரத்துக்கெல்லாம் இன்னா பண்ணப்போறீங்க?"

ஏகாம்பரத்தைக் கூட்டிவர சைக்கிளை மிதித்தேன். அவர் விஷயத்தைக் கேட்டு, "பேஜாரு புடிச்ச வேலையாச்சே" என்று தலையில் அடித்துக்கொண்டார். ஆனாலும் டேப்பை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார். அடுத்த இரண்டு நாளும் வானம் பொத்துக்கொண்டது. ஏரிக்குத் தண்ணீர் வர ஆரம்பித்து, முதலில் கணுக்கால், பிறகு முழங்கால். நோட்டைத் தலைப்பாகைக்குள் சொருகிக்கொண்டு, முள் குத்திய காலோடு, "ரெண்டு பத்து!" "ரெண்டு பத்து!" என்று தண்ணீருக்குள் கத்தினோம். ஒவ்வொரு எண் மூன்றுக்குக் கீழே இறங்கும்போதும் ரோசம்மா, "ஆமேன்!" என்று சேர்த்துக்கொண்டாள்.

மூன்றாம் நாள் ரேஞ்சர் பேண்டை முழங்காலுக்கு மேல் சுருட்டிக்கொண்டு இறங்கி வந்தார். தாழ்ந்த பக்கத்து மரங்களிலெல்லாம் ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டு பொட்டு.

"இன்னாய்யா இது? மரத்துக்கு ரெண்டு பொட்டு?"

ரோசம்மா வாயைத் திறப்பதற்குள் நான் சொல்லிவிட்டேன். "கீழ இருக்கறது என் புத்திசாலித்தனம் சார். மேல இருக்கறது அளவு."

அவர் சிரிக்கவில்லை. பத்து மரங்களைத் தானே அளந்தார். மேல் பொட்டு ஒவ்வொன்றும் நோட்டோடு ஒத்துப்போனது. பிறகு கம்பை வாங்கித் திருப்பிப் பார்த்தார். கொட்டாங்கச்சியைச் சுண்டிப் பார்த்தார்.

"இதை நான் எடுத்துக்கினு போறேன். ஆபீஸ்ல காட்டணும்."

என் வேலை போயிற்று என்று நினைத்தேன். ரோசம்மா வேறு மாதிரி நினைத்தாள். "கம்பு உங்களுது சார். கொட்டாங்கச்சி எங்க வூட்டுது, வந்துடணும்."

அப்போதுதான் அவர் சிரித்தார். அந்த மாதக் கடைசியில், ஈரத் தரையில் அளக்கும் கம்புக்கு அடியில் அகலமாக ஏதாவது பொருத்த வேண்டும் என்று ஒரு சுற்றறிக்கை வந்தது. எனக்கு அடுத்த ஏரியும் கொடுத்தார்கள். அதற்கப்புறம் நான் கம்பை மட்டும் நம்பியதில்லை. என் தோள் செருப்பில்லாமல் சரியாக நாலரை அடி என்று ஏகாம்பரம் அளந்து சொன்னார். ஓய்வு பெறும் வரைக்கும் எந்த மரத்தடியிலும் முதலில் தோளை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் டேப்பை விரிப்பேன்.

இப்போது புளியமரத்தடிக்கு வருகிறேன். அந்தப் பையன் கோபப்படவில்லை, பாவம். டேப்பை எடுத்து வேரடியிலிருந்து வளையம் வரை பிடித்துக் காட்டினான். நாலரை அடி, பிசகில்லை.

"வளையம் சரியாத்தான் கீது தாத்தா" என்றான். பிறகு கொஞ்சம் தயங்கி, "நீங்கதான் எறங்கிட்டீங்க."

பஸ் கிளம்பியது. ஜன்னல் வழியாக அந்த ஏரியைப் பார்த்தேன். அந்தக் கருவேலம் ஒன்றுகூட இல்லை, சீமைக்கருவேலம் மண்டிக் கிடக்கிறது. சுண்ணாம்புச் சட்டி இல்லை, திருப்பிக் கத்த ஆள் இல்லை. கொட்டாங்கச்சியும் ஆபீசிலிருந்து கடைசி வரை திரும்பவில்லை, அதற்காக ரோசம்மா என்னைப் பார்க்கும்போதெல்லாம் கேட்டுக்கொண்டே இருந்தாள். இந்தக் கணக்கில் என் இரண்டு அங்குலத்தையும் சேர்த்துக்கொண்டேன். அவள் இருந்திருந்தால் ஒரு பார்வையில் கண்டுபிடித்து, "சின்ன சார், பொதையிறீங்க" என்றிருப்பாள்.